முன்ஜாமீனுக்கும் ராஜிக்கும் நடுவில் இருக்கும் நாட்கள்

எடப்பாடி என்றால் வெளியூர்க்காரர்களுக்கு ஒரு அரசியல் தலைவரின் பெயருக்கு முன்னால் வரும் ஊர். எங்களுக்கு அது தறிச் சத்தமும் சரபங்கா ஆறும். அதோடு இன்னொன்றும் உண்டு. இந்த எடப்பாடி, சங்ககிரி, திருச்செங்கோடு, பள்ளிபாளையம் வட்டாரத்தில் காலனிக்காரர் ஒருவர் அடிபட்டு, ஸ்டேஷன் படியேறி, எப்படியோ எஃப்.ஐ.ஆரும் போட்டுவிட்டால், அடுத்த இரண்டு மூன்று நாட்களுக்குள் வீட்டு வாசலில் ஒரு பைக் வந்து நிற்கும். முதலில் வருவது எதிர்த்தரப்பு ஆள் அல்ல. நம் சொந்தக்காரராகவே இருப்பார்.

"மாமா, அவங்க மெட்ராஸ்ல முன்ஜாமீன் போட்டாச்சாம். ஒரு நாள்கூட உள்ள போகப் போறதில்ல. நீங்க எதுக்கு கோர்ட்டு கேஸுன்னு அலையறீங்க? பேசி முடிச்சுக்கலாம்."

இந்த மூன்று வாக்கியங்களும் சேர்ந்தேதான் வருகின்றன என்பதைக் கவனியுங்கள். முன்ஜாமீனைப் பற்றிச் சட்டப் புத்தகங்கள் ஒரு பக்கம் பேசுகின்றன. சமரசத்தைப் பற்றி வேறொரு பக்கத்தில் பேசுகின்றன. வாசலில் நிற்கிறவருக்கு இரண்டும் ஒரே விஷயம்தான். முதலாவது கைது இல்லாத நாட்களை வாங்கித் தருகிறது. அந்த நாட்களில் இரண்டாவது நடக்கிறது. இந்த இணைப்பு எப்படி உருவானது என்று வரலாற்றில் கொஞ்சம் பின்னால் போய்ப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை.

கொலையைப் பேசி முடிப்பது புதிய பழக்கம் அல்ல. சோழர் காலக் கல்வெட்டுகளில் இப்படிப்பட்ட செய்திகள் உண்டு. வேட்டைக்குப் போனவன் விட்ட அம்பு தவறி இன்னொருவன்மேல் பாய்ந்து அவன் இறந்துபோகிறான். ஊரார் கூடி, இவன் சாக வேண்டியதில்லை, கோயிலுக்கு நந்தா விளக்கு வைத்தால் போதும் என்று முடிவு செய்கிறார்கள். ஒரு விளக்கு எப்போதும் எரிய வேண்டுமானால் பெரும்பாலும் 96 ஆடுகள். "சாவா மூவாப் பேராடு" என்று அதற்குப் பெயர். கிழடாகாத, செத்துப்போகாத ஆடுகள். அதாவது, எண்ணிக்கை குறையாமல் பார்த்துக்கொள்ள வேண்டியது இடையரின் பொறுப்பு. தவறி நடந்த சாவுக்குத் தலைக்குத் தலை கேட்காத அந்த முடிவை மனிதத்தன்மை உள்ளது என்று சிலர் பாராட்டுவார்கள். எனக்கும் அதில் பாதி சம்மதம்தான். ஆனால் விளக்கு எரிந்தது கோயிலில். செத்தவனின் பெண்டாட்டி பிள்ளைகள் அந்தக் கூட்டத்தில் பேசினார்களா, அவர்கள் என்ன கேட்டார்கள் என்பதைக் கல்லில் வெட்டும் அளவுக்கு முக்கியமாக யாரும் நினைக்கவில்லை. யார் பேசுகிறார்கள், யாருக்காகப் பேசப்படுகிறது என்ற கேள்வி அங்கிருந்தே தொடங்குகிறது.

கிழக்கிந்தியக் கம்பெனி வந்த பிறகு, கொலையுண்டவனின் வாரிசுகள் கொலையாளியை மன்னிக்கலாம், ஈடு பெற்றுக்கொண்டு விட்டுவிடலாம் என்ற பழைய விதியை 1790இல் வங்கத்தில் காரன்வாலிஸ் நிறுத்தினார். கொலை என்பது இரண்டு குடும்பங்களின் கணக்கு அல்ல, அரசு எடுத்து நடத்த வேண்டிய வழக்கு என்ற கருத்து அப்போது சட்டமாக ஏறியது. அதற்கு இரண்டு ஆண்டு கழித்து, 1792இல், ஸ்ரீரங்கப்பட்டின உடன்படிக்கையின்படி திப்பு சுல்தானிடமிருந்து சேலம் வட்டாரம் கம்பெனியிடம் வந்தது. கேப்டன் அலெக்சாண்டர் ரீட் இங்கே நிர்வாகத்துக்கு வந்தார். அவருக்கு உதவியாளராகப் பாராமகாலில் ஏழு ஆண்டுகள் வேலை பார்த்தவர் தாமஸ் மன்றோ.

மன்றோவை இன்றும் நம் மாவட்டங்களில் நல்லவர் என்று நினைவில் வைத்திருக்கிறார்கள். ரயத்துவாரி முறையின் தந்தை, விவசாயியை நேரில் பார்த்துப் பேசியவர் என்பதெல்லாம் சரி. அவர் தலைமை தாங்கிய நீதித்துறைக் குழுவின் வழியாக 1816இல் சென்னை மாகாணத்துக்கு வந்த ஒழுங்குமுறைகளை மட்டும் யாரும் நினைவுபடுத்துவதில்லை. கிராமத் தலைவருக்கும் பஞ்சாயத்துக்கும் அவை அதிகாரம் கொடுத்தன. அந்த ஆண்டின் 11ஆம் ஒழுங்குமுறையில் ஒரு பிரிவு இருந்தது. வசைபாடல், சிறு அடிதடி போன்றவற்றுக்குக் கிராமத் தலைவர் ஒருவரைச் சாவடியில் 12 மணி நேரம் வரை அடைத்து வைக்கலாம். குற்றம் செய்தவர் தாழ்ந்த சாதிக்காரராக இருந்தால், அவரைத் தொழுக்கட்டையில் 6 மணி நேரம் வரை மாட்டி வைக்கலாம். இப்படி இழிவுபடுத்தும் தண்டனை அவர்களுக்குப் பொருந்தாமல் இல்லை என்று சட்டத்திலேயே காரணமும் எழுதியிருந்தார்கள். ஒரே தவறு, ஒரே ஊர். ஒருவருக்குச் சாவடித் திண்ணை, இன்னொருவருக்குக் காலை மாட்ட ஓட்டை போட்ட மரக்கட்டை.

இதை நான் நீட்டிச் சொல்வதற்குக் காரணம் உண்டு. கைது என்பது மரியாதை சம்பந்தப்பட்ட விஷயம், அந்த மரியாதை எல்லோருக்கும் ஒரே அளவில் கிடையாது என்ற எண்ணம் நம் சட்ட வரலாற்றில் வெளிப்படையாகவே எழுதப்பட்டிருந்தது. முன்ஜாமீன் பிறந்த கதையிலும் அதன் நிழல் தெரிகிறது.

1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம், குற்றவாளியைத் தண்டனையிலிருந்து தப்பவைக்கப் பணமோ பொருளோ வாங்குவதையும் கொடுப்பதையும் 213, 214 பிரிவுகளில் குற்றமாக்கியது. மூடி மறைக்கப்படுவது மரண தண்டனைக்குரிய குற்றமாக இருந்தால் ஏழு ஆண்டு வரை சிறை. சட்டமே சமரசத்துக்கு அனுமதிக்கும் சிறு குற்றங்களுக்கு மட்டும் விலக்கு. ஆக, கொலை வழக்கையோ பாலியல் வன்கொடுமை வழக்கையோ ஒரு தறிக்குடோன் முதலாளியின் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பேசி முடிப்பது 160 ஆண்டுகளுக்கும் மேலாகவே குற்றம். அந்தத் திண்ணையில் உட்கார்ந்தவர்கள்மீது இந்தப் பிரிவுகளில் வழக்குப் போட்டதை நான் என் வாழ்நாளில் பார்த்ததில்லை.

இனி முன்ஜாமீன். 1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அப்படி ஒன்றே கிடையாது. கைதான பிறகுதான் ஜாமீன். 1969இல் சட்ட ஆணையம் தனது 41ஆவது அறிக்கையில் இதைக் கொண்டுவரலாம் என்று பரிந்துரைத்தது. அதற்குச் சொன்ன முக்கியமான காரணம்: செல்வாக்குள்ளவர்கள் தங்கள் போட்டியாளர்களைப் பொய் வழக்கில் மாட்டி, சில நாள் சிறையில் வைத்து அவமானப்படுத்தப் பார்க்கிறார்கள். அதாவது இந்தச் சட்டப்பிரிவின் மனக்கண்ணில் இருந்தவர்கள் இரண்டு பெரிய மனிதர்கள். ஒருவர் இன்னொருவரை அவமானப்படுத்த நினைக்கிறார். அந்த அவமானத்திலிருந்து சட்டம் காப்பாற்ற வேண்டும். கூலி கேட்டதற்காகக் கைதாகிறவர் அந்தக் காட்சியில் இல்லை.

அந்த அறிக்கை வருவதற்கு முந்தைய ஆண்டு, 1968 டிசம்பர் 25 இரவு, கீழத்தஞ்சையின் கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். கூலி உயர்வு கேட்ட தலித் குடும்பங்கள். கீழமை நீதிமன்றம் நிலக்கிழார்களுக்குத் தண்டனை வழங்கியது. 1973இல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுதலை செய்தது. வசதியும் அந்தஸ்தும் உள்ள நிலக்கிழார்கள் இப்படி நேரில் போய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை என்பதும் அந்தத் தீர்ப்பின் சிந்தனையில் இருந்தது. அதே 1973இல்தான் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம் நிறைவேறி, 1974 ஏப்ரல் 1 முதல் 438ஆவது பிரிவாக முன்ஜாமீன் நடைமுறைக்கு வந்தது. இரண்டுக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. காலம் ஒன்று, மனநிலையும் ஒன்று.

முன்ஜாமீன் இல்லாவிட்டால் தனிமனித உரிமையே போய்விடும் என்று வாதாடுகிறவர்களுக்கு ஒரு தகவல். உத்தரப் பிரதேசத்தில் 1976இல் அந்தப் பிரிவையே எடுத்துவிட்டார்கள். 2019இல்தான் திரும்பக் கொண்டுவந்தார்கள். நாட்டின் மிகப் பெரிய மாநிலம் 43 ஆண்டுகள் முன்ஜாமீன் இல்லாமலே இருந்தது. ஆனால் நான் அதை ஒழிக்கச் சொல்லவில்லை. நம் பையன்கள்மீது எதிர் வழக்கு போடும்போது, செயின் பறித்தான், கத்தியைக் காட்டினான் என்று எழுதிக்கொடுக்கும்போது, நமக்கும் அந்தப் பிரிவு வேண்டும். வித்தியாசம் என்னவென்றால், எடப்பாடியிலிருந்து சேலம் செஷன்ஸ் நீதிமன்றம் போய், அங்கே தள்ளுபடியானால் சென்னை உயர் நீதிமன்றம் போய், மூத்த வக்கீல் வைத்து வாதாட யாரிடம் பணம் இருக்கிறது என்பதுதான். பிரிவு எல்லோருக்கும் பொது. பஸ் சார்ஜும் வக்கீல் பீஸும் பொது அல்ல.

1989ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள், பழங்குடிகள் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இந்த இடத்தில்தான் கை வைத்தது. நம் ஊரில் இன்றும் "பி.சி.ஆர் கேஸ்" என்று பழைய சட்டத்தின் பெயரால் அழைக்கிறோமே, அந்தச் சட்டம். அதன் 18ஆவது பிரிவு ஒரே வாக்கியத்தில், இந்தச் சட்டப்படியான குற்றங்களுக்கு 438 பொருந்தாது என்று சொல்லிவிட்டது. 1990 ஜனவரி 30 முதல் அமலுக்கு வந்தது. இது சமத்துவத்துக்கு எதிரானது என்று மத்தியப் பிரதேசத்தில் வழக்குப் போட்டார்கள். 1995இல் ராம்கிருஷ்ண பலோதியா வழக்கில் உச்ச நீதிமன்றம் 18ஆவது பிரிவு செல்லும் என்றது. முன்ஜாமீன் கிடைத்தால் குற்றம்சாட்டப்பட்டவர்கள் வெளியே இருந்துகொண்டு பாதிக்கப்பட்டவர்களை மிரட்டுவார்கள், விசாரணையைக் கெடுப்பார்கள் என்பது அங்கே ஏற்கப்பட்ட காரணம். வாசலில் வந்து நிற்கும் அந்த பைக்கை நீதிமன்றம் சரியாகப் பார்த்த தருணம் அது. 18ஆவது பிரிவு காப்பாற்றுவது அந்த முதல் சில நாட்களைத்தான். காயம் ஆறாத, சாட்சி இன்னும் பயப்படாத, அரசு மருத்துவமனையில் படுத்திருப்பவர் நடந்ததை நடந்தபடி சொல்லும் நாட்கள்.

பிறகு 2018 மார்ச் 20 வந்தது. சுபாஷ் காசிநாத் மகாஜன் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள், முகாந்திரம் இல்லாத வழக்குகளில் முன்ஜாமீனுக்குத் தடை இல்லை என்றும், கைதுக்கு முன் மேலதிகாரியின் ஒப்புதலும் வழக்குப் பதிவதற்கு முன் பூர்வாங்க விசாரணையும் தேவை என்றும் சொன்னார்கள். ஏப்ரல் 2 அன்று நாடெங்கும் தலித்துகள் தெருவில் இறங்கினார்கள். வட மாநிலங்களில் உயிர்ப்பலிகளும் நடந்தன. அந்த ஆண்டே நாடாளுமன்றம் 18ஏ பிரிவைச் சேர்த்தது. 2019 அக்டோபரில் நீதிமன்றம் தன் பழைய கட்டளைகளைத் திரும்பப் பெற்றது. 2020 பிப்ரவரியில் பிருத்விராஜ் சௌஹான் வழக்கில் 18ஏ உறுதியானது. மேலோட்டமாகப் பார்த்தாலே குற்றத்துக்கு முகாந்திரம் இல்லை என்றால் மட்டும் தடை பொருந்தாது என்ற கதவையும் திறந்தே வைத்தார்கள். அந்தக் கதவு வழியாக எத்தனை பேர் நுழைகிறார்கள் என்பது அந்தந்த நீதிமன்றத்தைப் பொறுத்தது.

நம் பகுதியில் இதெல்லாம் எப்படி நடக்கிறது என்று பார்க்க 2015க்குப் போக வேண்டும். அந்த ஆண்டு திருச்செங்கோட்டில் இரண்டு விஷயங்கள் நடந்தன.

ஜனவரியில் எழுத்தாளர் பெருமாள்முருகனை நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்துக்குக் கூப்பிட்டு "அமைதிப் பேச்சுவார்த்தை" நடத்தினார்கள். வருவாய்த் துறை அதிகாரிகள் முன்னிலையில் நிபந்தனையற்ற மன்னிப்பு எழுதி வாங்கப்பட்டது. 2016 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அந்த ஒப்பந்தம் அவரைக் கட்டுப்படுத்தாது என்றது. அது குற்ற வழக்கு அல்ல, அவர் தலித்தும் அல்ல. ஆனாலும் அதை இங்கே சொல்கிறேன். ஏனென்றால் பெயர் தெரிந்த எழுத்தாளரையே ஒரு மேசையில் உட்காரவைத்துக் கையெழுத்து வாங்க முடிந்த ஊரில், பெயர் தெரியாத ஒரு கூலித் தொழிலாளியை உட்காரவைப்பது எவ்வளவு சுலபம் என்று யோசித்துப் பாருங்கள். தாசில்தார் நடத்தும் அமைதிக் கூட்டங்களுக்கு நம்மில் பலர் போயிருக்கிறோம். தாக்கியவரும் தாக்கப்பட்டவரும் "இரு தரப்பு" ஆகிவிடும் இடம் அது. அதுவும் எப்போதும் பலிப்பதில்லை. 2024 மே மாதம் ஓமலூர் பக்கம் தீவட்டிப்பட்டியில் கோயில் வழிபாட்டு உரிமை பற்றிய பேச்சு முறிந்தபோது கல்லும் தீயும்தான் மிஞ்சின.

2015இன் இரண்டாவது விஷயம் கோகுல்ராஜ். ஓமலூரைச் சேர்ந்த தலித் பொறியியல் பட்டதாரி. ஜூன் 23 அன்று திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் கோயிலில் கவுண்டர் சமூகத்துத் தோழி ஒருவருடன் பேசிக்கொண்டிருந்தவர் அங்கிருந்து கொண்டுபோகப்பட்டார். மறுநாள் பள்ளிபாளையம் அருகே தண்டவாளத்தில் தலை வேறு, உடல் வேறாகக் கிடந்தார். தற்கொலை என்று நம்பவைக்கக் கடிதமும் தயாராக இருந்தது. குடும்பத்தாரும் இயக்கங்களும், கொலை வழக்காக மாற்றாமல் உடலை வாங்க மாட்டோம் என்று சேலம் அரசு மருத்துவமனையில் நின்றார்கள். அவர்கள் அப்படி நின்றிருக்காவிட்டால் அது ரயில்வே கணக்கில் ஒரு தற்கொலையாக முடிந்திருக்கும்.

முக்கியக் குற்றவாளி யுவராஜ், தீரன் சின்னமலை கவுண்டர் பேரவையின் தலைவர். வன்கொடுமைச் சட்டப் பிரிவுகள் இருந்ததால் முன்ஜாமீன் என்ற சுலபமான வழி அடைபட்டிருந்தது. என்ன நடந்தது தெரியுமா? தலைமறைவே முன்ஜாமீன் ஆனது. நூறு நாட்களுக்கும் மேல் போலீஸ் கையில் சிக்காமல், வாட்ஸ்அப்பில் குரல் பதிவுகள் வெளியிட்டுக்கொண்டு, தொலைக்காட்சிக்குப் பேசிக்கொண்டு வெளியே இருந்தார். சட்டம் தர மறுத்த நாட்களை ஊரும் சாதியும் தந்தன. அந்த நாட்களுக்குள்ளேயே, செப்டம்பர் 18 அன்று, வழக்கை விசாரித்துவந்த திருச்செங்கோடு டி.எஸ்.பி. விஷ்ணுபிரியா தன் குடியிருப்பில் இறந்துகிடந்தார். அவரும் தலித். வழக்கு சி.பி.சி.ஐ.டி.க்குப் போனது. அக்டோபர் 11 அன்று நாமக்கல்லில் யுவராஜ் தானே வந்து சரணடைந்தார். பிடிபட்டவர் போல அல்ல, விழாவுக்கு வருகிறவர் போல என்று அன்று பார்த்தவர்கள் சொல்வார்கள்.

2016இல் உயர் நீதிமன்றம் அவருக்கு ஜாமீன் கொடுத்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. சாட்சிகள் ஒவ்வொருவராகப் பிறழ்ந்தார்கள். கோயிலில் உடனிருந்த பெண்ணே, கேமரா பதிவில் இருப்பது தான் இல்லை என்றார். அவருடைய பெயரைச் சொல்லித் திட்டுவதில் எனக்கு விருப்பம் இல்லை. அந்தப் பெண் எந்த வீட்டில், யாருக்கு நடுவில் வாழ வேண்டியிருந்தது என்பதை இந்தப் பக்கத்து ஆட்களுக்கு விளக்க வேண்டியதில்லை. நாமக்கல்லில் நியாயமான விசாரணை நடக்காது என்று கோகுல்ராஜின் தாய் உயர் நீதிமன்றம் போய், 2019இல் வழக்கு மதுரை சிறப்பு நீதிமன்றத்துக்கு மாறியது. மூத்த வழக்கறிஞர் ப.பா.மோகன் சிறப்பு அரசு வழக்கறிஞர் ஆனார். 2022 மார்ச்சில் 10 பேருக்கு ஆயுள் தண்டனை. யுவராஜுக்குச் சாகும்வரை சிறை. 2023 ஜனவரியில் மேல்முறையீட்டை விசாரித்த இரு நீதிபதிகள் கோயிலுக்கும் தண்டவாளத்துக்கும் நேரில் வந்து பார்த்தார்கள். ஜூன் 2 அன்று யுவராஜ் உட்பட 8 பேரின் ஆயுள் தண்டனை உறுதியானது. இருவருக்கு ஐந்து ஆண்டாகக் குறைந்தது.

இது வெற்றிக் கதை என்று நம் மேடைகளில் சொல்கிறோம். சரி. ஆனால் எத்தனை விஷயங்கள் சேர வேண்டியிருந்தன என்று எண்ணிப் பாருங்கள். அசையாத ஒரு தாய், கோயிலில் இருந்த கேமரா, மாநிலம் முழுக்கக் கவனம், ஊரை விட்டு 200 கிலோமீட்டர் தள்ளி ஒரு நீதிமன்றம், ஏழு ஆண்டு. இதில் ஒன்று குறைந்திருந்தாலும் அந்த பைக் வந்து நின்ற வாசலாக அது மாறியிருக்கலாம். கேமரா இல்லாத இடத்தில் அடிபட்ட எடப்பாடிக்காரருக்கு இதில் எது கிடைக்கும்?

அதே 2015 ஜூன் மாதத்தில் இன்னொன்றும் நடந்தது. கடலூர் மாவட்டத்தில் சிறுமியாக இருந்தபோது பாலியல் வன்கொடுமைக்கு உள்ளாகி, பிறந்த குழந்தையைத் தனியாக வளர்த்துவந்த ஒரு பெண். தண்டனை பெற்ற குற்றவாளிக்கு இடைக்கால ஜாமீன் கொடுத்து, அவளோடு சமரச மையத்தில் பேசி முடிக்கும்படி சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவர் உத்தரவிட்டார். அந்தப் பெண் அவன் முகத்தைப் பார்க்கவே விரும்பவில்லை. ஜூலை 1 அன்று மத்தியப் பிரதேசத்து வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம், பாலியல் வன்கொடுமையில் சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை என்று கடுமையாகச் சொன்ன பிறகு, அந்த உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. திண்ணைப் பஞ்சாயத்தைத் திட்டுகிறோம். அதே யோசனை உயர் நீதிமன்றத்தின் தாளிலும் வரக்கூடும் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

தாளில் வருவதற்கான பாதை 2012இல் அகலமானது. கியான் சிங் வழக்கில், சட்டப்படி சமரசம் செய்ய முடியாத குற்றங்களிலும் இரு தரப்பும் ஒத்துக்கொண்டால் உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் வழக்கை ரத்து செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்றவற்றில் கூடாது என்ற எல்லையையும் போட்டது. வன்கொடுமைச் சட்ட வழக்குகள் அந்த எல்லைக்கு எந்தப் பக்கம்? 2021 அக்டோபரில் ராமாவதார் வழக்கில், பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு இடையே சொத்துத் தகராறில் 1994இல் எழுந்த ஒரு வழக்கைச் சமரசத்தின் பேரில் ரத்து செய்தார்கள். கட்டாயம் எதுவும் இல்லாமல், சாதி இழிவுபடுத்தும் நோக்கம் பிரதானமாக இல்லாதபோது மட்டுமே இப்படிச் செய்யலாம் என்று எச்சரிக்கையும் சேர்த்தார்கள். எச்சரிக்கை தீர்ப்பிலேயே தங்கிவிட்டது, ரத்து மட்டும் ஊர் ஊராகப் பரவியது.

கட்டாயம் இல்லை என்று யார் பார்ப்பது? கூட்டு சமரச மனு தயாராகிறது. புகார்தாரர் ஆதாரோடு நீதிமன்றத்தில் நிற்கிறார். ஆள் இவர்தான் என்று இன்ஸ்பெக்டர் அடையாளம் காட்டுகிறார். "யாராவது வற்புறுத்தினார்களா?" என்று கேட்கிறார்கள். "இல்லைங்க சாமி." முடிந்தது. அவர் வேலை செய்யும் தறிக்கூடத்தில் அவர் பேரில் எவ்வளவு முன்பணம் நிற்கிறது என்று யாரும் கேட்பதில்லை. பள்ளிபாளையம், குமாரபாளையம், எடப்பாடிப் பக்கம் முன்பணம் என்றால் என்ன என்று எல்லோருக்கும் தெரியும். வேலையை விட்டுப் போக முடியாத கடன் அது. முதலாளியும் எதிர்த்தரப்பும் ஒரே சாதி, சில நேரம் ஒரே வீடு. அந்தக் கணக்கைத் தள்ளிவிடுகிறேன் என்ற ஒரு சொல் போதும். அதைச் சம்மதம் என்று எழுதிக்கொள்கிறார்கள்.

ஒரு முறை சங்ககிரியில் டீக்கடை ஒன்றில் ஒரு தகப்பனோடு உட்கார்ந்திருந்தேன். மகனுக்குக் கை முறிந்த வழக்கு. "கையெழுத்துப் போட்டுட்டேன் தம்பி" என்றார். நான் கொஞ்சம் சூடாகவே பேசிவிட்டேன். அவர் டீ கிளாசைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "நீ நாளைக்கு உங்க ஊருக்குப் போயிருவ. எனக்கு அந்தப் பைப்புலதான் தண்ணி புடிக்கணும்." அதற்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. கையெழுத்துப் போட்டவர்களைத் துரோகி என்று எழுதும் நம் தோழர்கள் சிலருக்காகவே இதை இங்கே பதிகிறேன்.

ஆனால் சட்டம் சில இடங்களில் நமக்கும் கதவு திறந்திருக்கிறது. ராஜஸ்தானின் கங்காபூர் நகரில் பள்ளி ஆசிரியர் ஒருவர் தலித் மாணவியிடம் தவறாக நடந்ததாக வழக்கு. தகப்பனிடம் கையெழுத்து வாங்கி, சமரசம் என்று சொல்லி, உயர் நீதிமன்றமும் வழக்கை ரத்து செய்துவிட்டது. குடும்பத்துக்கு உறவே இல்லாத இரண்டு ஊர்க்காரர்கள் உச்ச நீதிமன்றம் போனார்கள். உங்களுக்கு என்ன உரிமை என்று எதிர்த்தரப்பு கேட்டது. 2024 நவம்பர் 7 அன்று அந்த ரத்தை உச்ச நீதிமன்றம் தள்ளி, விசாரணை தொடரட்டும் என்றது. தகப்பன் கையெழுத்துப் போட்ட பிறகும் ஊர்க்காரர் இருவர் போய் நிற்க முடிந்தது என்பதுதான் எனக்கு அந்தத் தீர்ப்பில் முக்கியம். 2025 செப்டம்பர் 1 அன்று, மகாராஷ்டிரத்தில் தேர்தல் பகையில் தலித் குடும்பத்தைத் தாக்கியவருக்குப் பம்பாய் உயர் நீதிமன்றம் கொடுத்த முன்ஜாமீனையும் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, 18ஆவது பிரிவின் தடை வெறும் சடங்கு அல்ல என்பதை மறுபடி நினைவுபடுத்தியது.

இப்போது எண்கள் மாறிவிட்டன. 2024 ஜூலை 1 முதல் புதிய நடைமுறைச் சட்டம். பழைய சட்டத்தில் 482 என்றால் வழக்கை ரத்து செய்யும் பிரிவு, அதாவது ராஜி மனு போகும் வழி. புதியதில் 482 என்றால் முன்ஜாமீன். எண்ணை வைத்தவர்கள் யோசித்து வைத்திருக்க மாட்டார்கள். ஆனால் வாசலில் வந்து நிற்கிறவருக்கு இரண்டும் ஒன்றுதான் என்று நான் முதலில் சொன்னேனே, சட்டப் புத்தகமே இப்போது இரண்டுக்கும் ஒரே எண்ணைக் கொடுத்திருக்கிறது. வன்கொடுமைச் சட்டத்தில் 438 என்றுதானே இருக்கிறது, புதிய 482க்குத் தடை எங்கே என்று எந்த வக்கீலாவது வாதாடினால், 1897ஆம் ஆண்டின் பொது உட்கூறுகள் சட்டத்தின் 8ஆவது பிரிவைக் காட்டச் சொல்லுங்கள்.

எடப்பாடி வட்டாரத்தில் இந்த மாதம் எஃப்.ஐ.ஆர் போட்டவர்கள் யாராவது இதைப் படித்தால் மூன்றைப் பாருங்கள். எஃப்.ஐ.ஆர் நகலில் வன்கொடுமைச் சட்டப் பிரிவு எழுதியிருக்கிறதா? இல்லாவிட்டால் முன்ஜாமீன் தடையே வேலை செய்யாது. பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்று ஸ்டேஷனில் சொல்வதை நம்ப வேண்டாம். வெறும் சி.எஸ்.ஆர் ரசீதோடு வீட்டுக்குத் திரும்ப வேண்டாம். 2016 ஜனவரி முதல் அமலில் இருக்கும் 15ஏ பிரிவின்படி, எதிரிகளின் எந்த ஜாமீன் மனுவிலும் உங்களுக்கு முன்கூட்டியே தகவல் தந்து, உங்கள் பேச்சைக் கேட்ட பிறகே உத்தரவு போட வேண்டும். அந்தத் தகவல் வந்ததா, எந்தத் தேதியில், யார் கையில் கொடுத்தார்கள் என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். பைக்கில் யார் வந்தார், எத்தனை மணிக்கு, என்ன சொன்னார் என்பதையும் அதே நோட்டில், அடுத்த வரியில்.